முடிவிலா எண்ணும் முப்பத்திரண்டு ஆண்டும்

யான் பிறந்து வளர்ந்த திருமுடிவாக்கம், சேக்கிழார் பெருமான் தோன்றிய குன்றத்தூருக்கு அணித்தாக உள்ளதோர் ஊர். ஆங்கு இன்று சிட்கோ தொழிற்பேட்டை பரந்து கிடக்கின்றது. விடிந்தது முதல் பொழுது சாயும்வரை லேத் பட்டறைகளின் ஓசை ஓய்வதில்லை. சென்ற விடுமுறையில் ஒருநாள் அத்தகைய பட்டறை ஒன்றன் வாயிலில் நின்றுகொண்டிருந்தேன். முதியவர் ஒருவர் இரும்புத் தகட்டை வெட்டி வளைத்து உருளை செய்ய முற்பட்டார். உருளையின் விட்டம் ஓரடி. தகட்டின் நீளம் எவ்வளவு வேண்டுமென அறிய, அவ்விட்டத்தை 3.14 ஆல் பெருக்கினார். பள்ளியில் எமக்குக் கற்பித்தது 22/7 அன்றோ, அவ்விரண்டும் ஒன்றல்லவே என்று யான் வினவினேன். ஓரடி விட்டத்திற்கு அவ்விரண்டினாலும் வரும் வேற்றுமை ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவே. தகடு வெட்டும் வாளின் தடிப்பே அதனை விழுங்கிவிடும் என்று அவர் நகைத்துக் கூறினார். மெய்யான அளவு யாதெனக் கேட்டேன். அதனைத் தம்பி கல்லூரியிலே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும் என்று சொல்லிவிட்டுத் தம் வேலையில் ஆழ்ந்தார்.

தமிழ் ஆனர்ஸ் மாணவனாகிய எனக்குக் கணிதம் அயல்நாடு. எனினும் அம்முதியவர் விடுத்த சொல் என்னை விட்டபாடில்லை. நூலகத்தில் அதனைத் துருவிச் சென்றபோது, அவ்வெண்ணின் வரலாற்றில் நம் தமிழகத்து மகன் ஒருவரின் வாழ்வு இழையோடிக் கிடத்தலைக் கண்டேன். கணித மாணவர்கள் பிழை பொறுப்பார்களாக. அவ்வாழ்வையும் அவ்வெண்ணையும் ஒருங்கே கூறுதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சீனிவாச இராமானுஜன் 1887 ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 22 ஆம் நாள், ஈரோட்டில் தம் தாய்வழிப் பாட்டனார் இல்லத்தில் பிறந்தார். தந்தையார் சீனிவாச ஐயங்கார் கும்பகோணத்தில் துணிக்கடை ஒன்றில் கணக்கெழுதி வந்தவர். அன்னையார் கோமளத்தம்மாள் கோயிலில் பாடும் குழுவில் ஒருவர். சாரங்கபாணி சந்நிதித் தெருவிலிருந்த சிறு வீட்டில், பொருள் குறைந்தும் ஒழுக்கம் குறையாத குடும்பத்தில் பிள்ளை வளர்ந்தது. 1897 இல் தொடக்கக் கல்வித் தேர்வில் மாவட்டத்திலேயே முதன்மை பெற்று, அடுத்த ஆண்டு கும்பகோணம் டவுன் ஹைஸ்கூலில் சேர்ந்தார். 13 வயதளவில் லோனி என்பார் எழுதிய திரிகோண கணித நூலைத் தாமாகவே கற்றுக் கரை கண்டார்.

1903 இல் அவர் கையில் ஒரு நூல் கிடைத்தது. கார் என்னும் ஆங்கில ஆசிரியர் தேர்வு மாணாக்கர்க்காகத் தொகுத்த கணிதச் சுருக்கம் அது. ஆயிரக்கணக்கான சூத்திரங்கள் வரிசை எண்ணிட்டு அதன்கண் அடுக்கப்பட்டிருந்தன. நிரூபணங்களோ பெரும்பாலும் இல்லை, இருந்தனவும் குறிப்பளவே. வேறொரு மாணவனாயின் அதனை மனப்பாடம் செய்துவிட்டு மறந்திருப்பான். இராமானுஜனோ ஒவ்வொரு சூத்திரத்தையும் தாமே கண்டறிய முற்பட்டார்; அதனின்று புதியன பல கண்டார். ஆனால் அந்நூலின் நடை அவரைப் பற்றிக்கொண்டது. முடிவை மட்டும் எழுதுதல், வந்த வழியை எழுதாமை என்னும் பழக்கம் அவர்க்கு அந்நாளில் உண்டாயிற்று. வறுமையும் அதற்குத் துணைநின்றது. காகிதம் விலையுயர்ந்தது, ஆதலின் சிலேட்டில் கணக்கிட்டு, முழங்கையால் துடைத்துவிட்டு, முடிவை மட்டும் நோட்டுப்புத்தகத்தில் பொறித்து வைத்தார். வழி துடைக்கப்பட்டது, முடிவு மட்டும் எஞ்சியது. இச்செய்தியை நண்பர்கள் நினைவிற் கொள்க, பின்னர்ப் பயன்படும்.

1904 இல் பள்ளியில் கணிதத்திற்குரிய பரிசு பெற்று, உதவித்தொகையுடன் கும்பகோணம் அரசினர் கல்லூரியில் நுழைந்தார். அங்கே கணிதமே உலகமாகிவிட்டமையின் ஏனைய பாடங்களைக் கைவிட்டார், ஆங்கிலக் கட்டுரையில் தவறினார், உதவித்தொகையை இழந்தார். 1905 இல் எவர்க்கும் சொல்லாமல் விசாகப்பட்டினம் சென்றுவிட்டார். 1906 இல் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் சேர்ந்து மீண்டும் முயன்றார், எப். ஏ. தேர்வில் மீண்டும் மீண்டும் தவறினார். கல்லூரியும் இல்லை, பட்டமும் இல்லை, வேலையும் இல்லை என்னும் நிலையில் 20 வயது இளைஞர் கும்பகோணத்துத் திண்ணையில் அமர்ந்து சிலேட்டில் எண்களை எழுதுவதும் அழிப்பதுமாக இருந்தார். அவர் வயதினனாகிய எனக்கு இப்பகுதியைப் படிக்கும்போது நெஞ்சு நடுங்கிற்று. அன்று அத்தெருவழியே சென்றோர் அவரை வீணன் என்றே எண்ணியிருப்பர்.

அச்சிலேட்டில் அடிக்கடி தோன்றிய எண் ஒன்றுண்டு. வட்டத்தின் சுற்றளவு அதன் விட்டத்தைப்போல் எத்தனை மடங்கு என்பதே அவ்வெண். பொற்கொல்லனின் மோதிரத்திற்கும் தேர்ச்சக்கரத்திற்கும் அம்மடங்கு ஒன்றே. கிரேக்க எழுத்தின் பெயரால் உலகம் அதனைப் பை என்று வழங்குகிறது. சாலொமோன் அரசன் வார்ப்பித்த வெண்கலக் கடலுக்கு விளிம்புக்கு விளிம்பு 10 முழமும் சுற்றளவு 30 முழமும் என்று திருமறை கூறுகின்றது. ஆண்டு முழக்கோலுக்கு 3 மடங்கே போதியதாயிற்று. நம் கணக்கதிகாரம் சுற்றின் பாதியை விட்டத்தின் பாதியால் பெருக்கினால் வட்டத்தின் பரப்பு வரும் என்று கற்பிக்கின்றது. கி. பி. 499 இல் ஆரியபட்டர் 20000 விட்டத்திற்கு 62832 சுற்றளவு என்று அளந்து, அதனையும் அணுக்கமான அளவென்றே குறித்தார். ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின் அதற்கு உரை வகுத்த கேரளத்து நீலகண்ட சோமயாஜி, விட்டத்தை மிச்சமின்றி அளக்கும் கோல் எத்துணைச் சிறிதாயினும் சுற்றளவை அளக்கும்போது மிச்சம் எஞ்சியே தீரும் என்னும் கருத்தை வெளியிட்டார். அவர் கருத்து மெய்யே. அதற்குரிய நிரூபணம் பிற்காலத்தில் வந்தது.

அது வந்த வழியை அறிதற்கு முன், ஒரு சிறு கணக்கைச் செய்து பார்ப்போம். 22 ஐ 7 ஆல் வகுப்போம். 3 ஈவு, 1 மீதி. மீதிக்குப் பக்கத்தில் சுழியிட்டு மேலும் வகுத்தால் 3, 2, 6, 4, 5 என்று மீதிகள் வந்து, ஆறாவது முறை மீண்டும் 1 வரும். பழைய மீதி வந்துவிட்டால் பழைய கதையே திரும்புமன்றோ? ஆகவே 22/7 என்பது 3.142857, மறுபடியும் 142857, மறுபடியும் 142857 என்று செக்குமாடுபோல் சுழலும். இது 7 க்கு மட்டும் உரிய இயல்பன்று. எந்த எண்ணால் வகுத்தாலும் வரக்கூடிய மீதிகள் அவ்வெண்ணினும் குறைந்தனவே. அவை எண்ணி முடிக்கத்தக்கன. ஆதலின் ஒருநாள் ஏதேனும் ஒரு மீதி திரும்பி வந்தே தீரும், அன்றேல் மீதி சுழியாகி வகுத்தல் முடிந்தே தீரும். சீனத்தார் கண்ட 355/113 என்னும் பின்னம் பையின் ஆறு தசமத் தானங்களைச் சரியாகத் தருவது. அதுவும் 112 இலக்கங்களுக்கு ஒருமுறை சுழல்வதே.

இதன் மறுதலையும் உண்மை. சுழலும் தசமம் எதுவாயினும் அது ஒரு பின்னமே. 142857 என்னும் ஆறு இலக்கங்கள் தசமப்புள்ளிக்குப் பின் இடையறாது சுழலும் எண் ஒன்றை எடுத்துப் பத்து இலட்சத்தால் பெருக்குக. அதனின்று முதலெண்ணைக் கழித்தால், புள்ளிக்குப் பின்னுள்ள வால் முழுதும் நீங்கி 142857 மட்டும் நிற்கும். முதலெண்ணின் 999999 மடங்கு 142857 ஆயிற்று. ஆகவே முதலெண் 1/7. தொடக்கத்தில் சில இலக்கங்கள் ஒழுங்கின்றி நின்று, பின்னர்ச் சுழல் தொடங்கினாலும் இம்முறை பிழையாது. எனவே பையின் இலக்கங்கள் என்றேனும் சுழலுமா என்னும் கேள்வியும், பை ஒரு பின்னமா என்னும் கேள்வியும் ஒரே கேள்வி. கோடி இலக்கங்களைக் கண்ணால் கண்டு சுழல் இல்லை என்று சொல்லுதல் விடையாகாது. கோடிக்கு அப்பால் சுழல் தொடங்கலாமன்றோ?

விடை கூறியவர் ஒரு தையற்காரரின் மகன். மூல்ஹவுஸ் என்னும் நகரில் 1728 இல் பிறந்த லாம்பர்ட், 12 வயதில் பள்ளியை விட்டுத் தந்தைக்குத் துணையாகத் தையல் தொழிலில் அமர்ந்து, தாமே கற்றுப் பேரறிஞரானவர். 1761 இல் அவர் பெர்லின் அறிவியற் கழகத்திற்கு அளித்த ஆராய்ச்சியில் இந்த விடை உள்ளது. கோணத்தை வில்லின் நீளத்தால் அளந்தால், செங்கோணத்தின் பாதிக்குரிய வில் பையின் காற்பங்காகும். அக்கோணத்தின் டான்ஜென்ட் சரியாக 1. லாம்பர்ட் நிறுவியது இது: சுழியல்லாத பின்னம் ஒன்று வில்லின் அளவாயின் அதன் டான்ஜென்ட் ஒருபோதும் பின்னமாகாது. 1 ஒரு பின்னமே. ஆகவே பையின் காற்பங்கு பின்னமாதல் இயலாது. பையும் பின்னமாதல் இயலாது.

அதனை அவர் நிறுவிய நெறியும் அழகுடைத்து. டான்ஜென்ட்டை அவர் பின்னத்தினுள் பின்னமாய் முடிவின்றிக் கீழிறங்கும் தொடர் பின்னமாக எழுதினார். படிதோறும் 1, 3, 5, 7 என்னும் ஒற்றைப்படை எண்கள் வளர்ந்து கொண்டே போகும். மேலே நிற்கும் எண் மட்டும் வளராது நிற்கும். ஆதலின் ஓரளவு இறங்கியபின், எஞ்சிய பகுதி ஒவ்வொன்றும் 1 க்குக் குறைந்ததாகவே அமையும். முழு மதிப்பு ஒரு பின்னம் என்று கொண்டால் எஞ்சிய பகுதிகளும் பின்னங்களாதல் வேண்டும். ஒரு படியில் மேலே நின்ற எண் அடுத்த படியில் கீழே வரும். இங்ஙனம் கீழெண் படிதோறும் குறைந்துகொண்டே முடிவின்றிச் செல்லுதல் வேண்டும். முழு எண்கள் 1 க்குக் கீழ் இறங்க வழியில்லை, படிகளுக்கோ முடிவில்லை. இம்முரண்பாட்டால், பின்னம் என்று கொண்டதே பிழையென்று தேறுகிறது. எல்லையற்ற இலக்கங்களைப் பற்றிய உண்மையை, அவற்றுள் ஒன்றையும் எண்ணாமலே அம்மனிதர் கண்டுவிட்டார். 1882 இல் லிண்டமன் என்பார் மேலும் சென்று, அளவுகோலும் கவராயமும் மட்டும் கொண்டு வட்டத்திற்குச் சமமான சதுரம் வரைதல் இயலாதென நிறுவினார்.

தையற்காரர் மகன் அங்ஙனம் முடிவு கட்டிய எண்ணைத் துணிக்கடைக் கணக்கரின் மகன் மீண்டும் கையில் எடுத்தார். 1909 இல் இராமானுஜனுக்கும் ஜானகி அம்மாளுக்கும் திருமணம் நிகழ்ந்தது. இல்லறத்தை நடத்தப் பொருள் தேடும் கடமை வந்தது. 1910 இல் திருக்கோயிலூர் சென்று, இந்தியக் கணிதக் கழகத்தைத் தோற்றுவித்தவராகிய துணைக் கலெக்டர் இராமசாமி ஐயரைக் கண்டு, சிறு எழுத்தர் வேலை வேண்டினார். நோட்டுப்புத்தகத்தைப் புரட்டிய அப்பெரியார், இத்தகையானைத் தாலுகா அலுவலகத்தில் புதைத்தல் தகாதெனக் கருதி, சென்னை அறிஞர்க்குக் கடிதம் கொடுத்து அனுப்பினார். பின்னர் நெல்லூர்க் கலெக்டர் இராமச்சந்திர ராவ் திங்கள்தோறும் 25 ரூபாய் உதவினார். பிறர் பொருளில் வாழ விரும்பாத இராமானுஜன் 1912 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் சென்னைத் துறைமுகக் கழகத்தில் 30 ரூபாய்ச் சம்பளத்தில் எழுத்தராக அமர்ந்தார். ஆங்கு அவர்க்கு மேலதிகாரியாக வாய்த்த நாராயண ஐயரும் கணிதம் வல்லவர்; தலைவர் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கும் ஆதரவாளர். இன்று தாம்பரத்தில் உள்ள சென்னைக் கிறித்தவக் கல்லூரி அக்காலத்தில் ஜார்ஜ் டவுனில், துறைமுகத்திற்கு அணித்தே இருந்தது. அதன் கணிதப் பேராசிரியர் ராஸ் என்பாரும் இராமானுஜனை அறிந்திருந்தார்.

1913 ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 16 ஆம் நாளிட்டு, கேம்பிரிட்ஜில் இருந்த பேராசிரியர் ஹார்டிக்கு இராமானுஜன் கடிதம் எழுதினார். பக்கம் பக்கமாகச் சூத்திரங்கள், நிரூபணம் ஒன்றுமில்லை. ஹார்டியும் அவர் நண்பர் லிட்டில்வுட்டும் அவற்றை ஆராய்ந்து, எழுதியவர் பெருமேதையே எனத் துணிந்தனர். எனினும் அவற்றுள் எல்லாம் சரியல்ல. பகா எண்கள் எத்துணை நெருக்கமாக அமைந்துள்ளன என்பது பற்றி இராமானுஜன் எழுதியவற்றுள் பிழைகள் இருந்தன. சிறிய எண்களில் பொருந்தியது பெரிய எண்களில் பொருந்தாமற் போயிற்று. சிலேட்டில் துடைத்த வழியே ஆங்கு இல்லாமற்போன சான்று. ஆகவே ஹார்டி மீண்டும் மீண்டும் நிரூபணங்களை வேண்டினார்.

அவ்வாண்டே இந்தியக் கணிதக் கழகத்தின் இதழில் இராமானுஜன் சிறு குறிப்பொன்று எழுதினார். வட்டத்தைச் சதுரமாக்குதல் பற்றியது அது. சரியாகச் செய்தல் இயலாதென 1882 இலேயே முடிந்துவிட்டது. அணுக்கமாகச் செய்ய அவர் ஒரு வழி வரைந்து காட்டினார். 355/113 ஐத் தரும் அவ்வழியில் பிழை எவ்வளவு? வட்டத்தின் பரப்பு 1,40,000 சதுர மைல் ஆயின், சதுரத்தின் பக்கம் உரிய அளவினும் ஏறத்தாழ ஓரங்குலம் மிகும் என்று அவர் கணக்கிட்டார். அக்காலச் சென்னை மாகாணத்தின் பரப்பும் ஏறத்தாழ அவ்வளவே. கஞ்சம் முதல் திருநெல்வேலிக் கடலோரம் வரையும் பரந்த நிலத்தை ஒரு வட்டமாக்கிச் சதுரமாக மாற்றினால் ஓரங்குலப் பிழை! திருமுடிவாக்கத்துப் பட்டறையில் இப்பிழையை அளக்கவும் கருவி இராது. ஆனால் அவ்வோரங்குலத்தைக் குறிப்பிடாமல் விட அவர் மனம் ஒப்பவில்லை. அணுக்கத்தை உண்மையென மயங்காத நேர்மை அது.

பட்டம் பெறாத அவ்வெழுத்தர்க்குச் சென்னைப் பல்கலைக்கழகம் விதியைத் தளர்த்தித் திங்களுக்கு 75 ரூபாய் ஆராய்ச்சி உதவி அளித்தது. கேம்பிரிட்ஜிலிருந்து விரிவுரையாற்ற வந்த நெவில் என்பாரின் முயற்சியால், 1914 ஆம் ஆண்டு மார்ச்சு 17 ஆம் நாள் இராமானுஜன் நெவாசா என்னும் கப்பலில் சென்னையினின்று புறப்பட்டார். கடல் கடத்தலுக்குச் சமயக் கட்டுப்பாடு இருந்த காலம் அது. குலதெய்வமாகிய நாமகிரித் தாயார் கனவில் இசைவு தந்ததாக அன்னையார் கொண்டமையால் தடை நீங்கிற்று என்பர்.

அவ்வாண்டே இங்கிலாந்தில் வெளிவந்த அவர் ஆராய்ச்சிக் கட்டுரை பையை அணுகும் வழிகளைப் பற்றியது. கேரளத்து மாதவர் மரபில் தோன்றியதும், பின்னர் ஐரோப்பாவில் லைப்னிட்ஸ் பெயரால் வழங்கியதுமான பழைய தொடர் ஒன்றுண்டு. 1 இலிருந்து மூன்றில் ஒன்றைக் கழித்து, ஐந்தில் ஒன்றைக் கூட்டி, ஏழில் ஒன்றைக் கழித்து, இங்ஙனமே சென்று நான்கால் பெருக்கினால் பை வரும். கண்ணுக்கினிய தொடரே, ஆனால் ஆயிரம் உறுப்புகளைச் சேர்த்தாலும் மூன்றாந் தசமத் தானமே பிழைபடும். இராமானுஜன் அக்கட்டுரையில் தந்த தொடர்கள் 17. அவற்றுள் புகழ்மிக்க ஒன்றில் 9801, 1103, 26390, 396 என்னும் எண்கள் எங்கிருந்தோ வந்து அமர்ந்திருக்கின்றன. அதன் முதல் உறுப்பு ஒன்றே ஆறு தசமத் தானங்களைச் சரியாகத் தரும். அடுத்து வரும் ஒவ்வோர் உறுப்பும் ஏறத்தாழ எட்டுத் தானங்களை மிகுக்கும். மற்றொரு வேடிக்கையும் அதன்கண் உண்டு. 9 இன் வர்க்கத்தோடு, 19 இன் வர்க்கத்தை 22 ஆல் வகுத்து வரும் ஈவைக் கூட்டி, அதற்கு வர்க்கமூலத்தின் வர்க்கமூலம் கண்டால், எட்டுத் தானங்கள் பையோடு ஒத்திருக்கும். ஒன்பதாவது தானத்தில் வழுவும். எட்டு இலக்கம் ஒத்தது கண்டு இதுவே பை என்பான் ஏமாறுவான். இலக்கங்களின் ஒற்றுமை சான்றாகாது என்பதற்கு இதனினும் சிறந்த பாடம் உண்டோ?

கேம்பிரிட்ஜில் ஹார்டியின் துணையால் இராமானுஜன் நிரூபணத்தின் கட்டுப்பாட்டை ஓரளவு கற்றார். அவருடைய இயற்கை ஊற்று வற்றிவிடாதபடி ஹார்டியும் அளவறிந்து கற்பித்தார். 1916 இல் ஆராய்ச்சியால் பட்டம் பெற்றார், எப். ஏ. தேறாதவர்க்கு வந்த பட்டம் அது. 1918 இல் இராயல் சொசைட்டியின் உறுப்பினராகவும், டிரினிட்டிக் கல்லூரியின் பெல்லோவாகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். அக்கல்லூரியில் அப்பதவி பெற்ற முதல் இந்தியர் அவரே. 1729 என்னும் வாடகை வண்டி எண்ணின் கதை யாவரும் அறிந்ததாகலின் ஈண்டு விரித்திலேன்.

ஆனால் குளிரும், போர்க்காலத்து உணவுத் தட்டுப்பாடும், தனிமையும் அவர் உடலை வாட்டின. மரக்கறி உணவன்றிப் பிறிதுண்ணா உறுதியுடையார் தம் கையாலேயே சமைத்துண்டு, வேளை தவறியும் உண்ணாதும் உழைத்தார். 1917 முதல் மருத்துவமனை வாழ்வாயிற்று. 1919 இல் தாயகம் திரும்பினார். கும்பகோணம் முதலிய இடங்களில் தங்கி, இறுதியில் சென்னைச் சேத்துப்பட்டில் படுக்கையுற்றார். 1920 ஆம் ஆண்டு சனவரியிலும் ஹார்டிக்குப் புதிய கண்டுபிடிப்பொன்றை எழுதியனுப்பினார். நோய்ப்படுக்கையிலும் கணக்கிட்ட தாள்களை ஜானகி அம்மாள் பேணி வைத்தார். அவ்வாண்டு ஏப்பிரல் 26 ஆம் நாள், 32 ஆம் வயதில், இராமானுஜன் மறைந்தார். 20 வயதளவில் விதவையான ஜானகி அம்மாள் சென்னையில் தையல் வேலை செய்து நெடுங்காலம் தம் காலிலேயே நின்று, 1994 இல் காலமானார்.

அவர் துடைத்துச் சென்ற வழிகளைத் தேடும் வேலை அன்று தொடங்கி இன்றும் ஓயவில்லை. 1976 இல், அவரது கடைசி ஆண்டின் தாள்கள் டிரினிட்டிக் கல்லூரி நூலகத்தில் ஆண்ட்ரூஸ் என்னும் அமெரிக்க அறிஞர் கண்ணிற் பட்டன. 1985 இல் காஸ்பர் என்பார், மேலே கூறிய தொடரைக் கணிப்பொறிக்கு ஊட்டிப் பையின் 1 கோடியே 75 இலட்சம் இலக்கங்களைக் கண்டார். வியப்பு யாதெனில், அத்தொடர்க்கு முழு நிரூபணம் அதுவரை அச்சில் இல்லை. போர்வைன் உடன்பிறந்தார் இருவர் 1987 இல் வெளியிட்ட நூலால் அக்குறை நீங்கிற்று. சுட்நோவ்ஸ்கி உடன்பிறந்தார் அவ்வினத்திலேயே இன்னும் விரைந்த தொடர் ஒன்றைக் கண்டனர். அதனைக் கொண்டு 2022 இல் 100 இலட்சம் கோடி இலக்கங்கள் கணக்கிடப்பட்டன. கும்பகோணத்துச் சிலேட்டின் வழித்தோன்றல்கள் இவை.

இத்துணை இலக்கங்களைக் கண்டும், பை சுழலாது என்பதற்கு அவை ஒரு துளியும் சான்று சேர்க்கவில்லை, சேர்க்கவும் வேண்டியதில்லை. அச்சான்று 1761 இலேயே முடிந்தது. அதே வேளையில் ஒன்றை மிகைப்படுத்தலும் ஆகாது. சுழலாமை வேறு, ஒழுங்கின்மை வேறு. ஒன்றன்பின் ஒரு சுழி, ஒன்றன்பின் இரு சுழி, ஒன்றன்பின் முச்சுழி என்று எழுதிச் செல்லும் தசமம் ஒழுங்குடையதே. ஆயினும் என்றும் சுழலாது. பையின் இலக்கங்களில் 0 முதல் 9 வரை ஒவ்வொன்றும் சமமாகப் பங்கு பெறுமா என்னும் கேள்விக்கு இதுவரை எவரும் நிரூபணம் தரவில்லை. ஆகவே கண்டறிய வேண்டியது இன்னும் உண்டு. அதனை நம் கல்லூரி வகுப்பறையில் அமர்ந்திருப்போருள் ஒருவர் கண்டறிதலும் கூடும்.

டிசம்பர் 22 ஆம் நாளை நாடு தேசியக் கணித நாளாகக் கொண்டாடுகிறது. அன்று அவர் படத்திற்கு மாலையிடுதல் எளிது. அவர் வாழ்வு நமக்குக் கற்பிப்பனவோ இரண்டு, இரண்டும் எளியவல்ல. தேர்வில் தவறியவனைத் தள்ளிவிடாதே என்பது ஒன்று. திருக்கோயிலூரில் நோட்டுப்புத்தகத்தைப் பொறுமையுடன் புரட்டிய ஒருவர் இல்லையேல் இராமானுஜன் இல்லை. கண்டதைக் காட்டினாற் போதாது, கண்ட வழியையும் காட்டு என்பது மற்றொன்று. சிலேட்டில் துடைபட்டவற்றை மீட்க உலகம் நூறாண்டு உழைக்க வேண்டியதாயிற்று. மாணவராகிய நாம் விடைத்தாளில் முடிவை மட்டும் எழுதிவிட்டு, வழிக்குரிய மதிப்பெண் போயிற்றே என்று ஆசிரியரை நோகும்போது இதனை எண்ணிப் பார்த்தல் நன்று.

இக்கட்டுரையை எழுதி முடித்தபின் அப்பட்டறைக்கு மீண்டும் சென்றேன். மெய்யான அளவு எந்தப் பின்னத்திலும் அடங்காது, அதன் இலக்கங்கள் முடிவதுமில்லை, சுழல்வதுமில்லை என்று முதியவரிடம் கூறினேன். அவர் சிறிது நேரம் கையிலிருந்த உருளையை நோக்கினார். பின்னர், அங்ஙனமாயின் எந்த உருளையும் இதுவரை சரியாக வெட்டப்படவில்லை போலும் என்றார். ஆம் என்றேன். அடுத்த தகட்டை எடுத்து, முன்னினும் சற்றுக் கூர்ந்து அளக்கத் தொடங்கினார்.